விழுபவர் தோளில் நிற்கும் வீரம்

கொல்லிமலையை ஆண்ட வல்வில் ஓரி எய்த ஒரே அம்பு, யானையை வீழ்த்தி, புலியைக் கொன்று, மானையும் பன்றியையும் சாய்த்து, இறுதியில் புற்றில் கிடந்த உடும்பின் உடலில் சென்று தைத்ததாக வன்பரணர் பாடியிருக்கிறார். புறநானூற்றின் 152ஆம் பாடல் அது. ஓரிக்குச் செம்மேட்டில் சிலை இருக்கிறது. ஆண்டுதோறும் ஆடி மாதம் 17, 18 ஆகிய நாள்களில் அரசு விழா நடக்கிறது. இந்த மலையில் ஆசிரியராகப் பணியாற்றி ஓய்வுபெற்ற எனக்கு, அந்தப் பாடலைப் படிக்கும்போதெல்லாம் நம் காலத்துத் திரைப்படச் சண்டைக் காட்சி நினைவுக்கு வருவதைத் தவிர்க்க முடிவதில்லை. ஒரே வீச்சில் ஐவரைச் சாய்க்கும் நாயகன் நமக்குப் புதியவன் அல்லன். சங்கப் பாடலிலேயே அவனுக்கு முன்னோடி உண்டு.

அந்த மரபின் இன்றைய வடிவம்தான் அதிரடி நடிகர். தமிழில் அதையே பட்டமாகப் பெற்றவர் ‘ஆக்‌ஷன் கிங்’ அர்ஜுன். நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாகத் தமிழ், தெலுங்கு, கன்னடத் திரையுலகுகளில் இயங்கி, நாயகனாகவும் இயக்குநராகவும் எதிர்நாயகனாகவும் தொலைக்காட்சித் தொகுப்பாளராகவும் அவர் உருமாறியிருக்கிறார். அவருடைய பயணத்தைப் பின்தொடர்ந்தால், அதிரடி நடிப்பு என்னும் தொழில் எப்படி இயங்குகிறது, எப்போது கைவிடுகிறது, யாருக்கு மறுவாய்ப்புத் தருகிறது, யாருக்கு மறுக்கிறது என்பதெல்லாம் விளங்கும். அந்தக் கடைசிக் கேள்விதான் இக்கட்டுரையின் நோக்கம்.

சேலத்தில் வளர்ந்த மரபு

கொல்லிமலை இன்று நாமக்கல் மாவட்டத்தில் இருக்கிறது. 1997இல் அம்மாவட்டம் உருவாகும்வரை சேலம் மாவட்டத்தின் பகுதியாக இருந்தது. எங்கள் தலைமுறைக்குச் சேலம் என்றால் மாம்பழமும் இரும்பாலையும் மட்டுமல்ல, மாடர்ன் தியேட்டர்ஸும்தான். டி.ஆர். சுந்தரம் தொடங்கிய அந்த நிறுவனம், ஏற்காடு சாலையில் ஒரே வளாகத்துக்குள் முழுப் படத்தையும் எடுத்து முடிக்கும் தொழிற்சாலையாகவே இயங்கியது. தமிழில் அதிரடிப் படம் ஒரு வகைமையாக வளர்ந்ததில் அந்த வளாகத்துக்குப் பெரும்பங்கு உண்டு.

1940இல் அங்கு உருவான ‘உத்தம புத்திரன்’ படத்தில் பி.யு. சின்னப்பா இரட்டை வேடத்தில் நடித்தார். நாடக மேடையில் வளர்ந்து, சிலம்பமும் வாள்வீச்சும் கற்றவர் அவர். 1950இல் ‘மந்திரி குமாரி’, அடுத்த ஆண்டில் ‘சர்வாதிகாரி’, 1956இல் தமிழின் முதல் முழுநீள வண்ணப் படமான ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’ என்று எம்.ஜி.ஆரின் வாள் அங்கேதான் தொடர்ந்து சுழன்றது. மேடையிலிருந்து வந்த இந்தத் தலைமுறை நடிகர்களுக்குச் சண்டை என்பது பாட்டையும் வசனத்தையும் போல நடிகன் கற்றாக வேண்டிய கலைகளுள் ஒன்றாக இருந்தது.

அதே வளாகத்தின் கூட்டுத் தயாரிப்பில் 1952இல் ‘தி ஜங்கிள்’ என்ற ஆங்கிலப் படம் வந்தது. தமிழில் அதன் பெயர் ‘காடு’. அதன் நாயகன் ராட் கேமரூன் கனடாவில் பிறந்து ஹாலிவுட்டில் பெயர் பெற்றவர். பிற நடிகர்களுக்காகச் சண்டைக் காட்சிகளில் உடலைப் பணயம் வைப்பவராக, அதாவது ‘டூப்’ கலைஞராகத் தொடங்கி, குதிரைவீரர் படங்களின் நாயகனாக உயர்ந்தார். 1950களில் அமெரிக்க வீடுகளுக்குள் தொலைக்காட்சி நுழைந்தபோது, ‘சிட்டி டிடெக்டிவ்’, ‘ஸ்டேட் ட்ரூப்பர்’, ‘கொரோனாடோ 9’ ஆகிய தொடர்களில் துப்பறிபவராகவும் காவலராகவும் நடித்தார். வெள்ளித்திரையில் வாய்ப்புக் குறையும் அதிரடி நடிகருக்குச் சின்னத்திரை இரண்டாம் வாழ்வு தரும் என்பதை அமெரிக்கா அப்போதே கண்டுவிட்டது. தமிழகம் அந்த நிலையை அடைய இன்னும் பல பத்தாண்டுகள் ஆயின.

1966இல் மாடர்ன் தியேட்டர்ஸ் ‘வல்லவன் ஒருவன்’, ‘இரு வல்லவர்கள்’ ஆகிய படங்களை வெளியிட்டது. இரண்டிலும் நாயகன் ஜெய்சங்கர். வாளின் இடத்தைத் துப்பாக்கியும் கைக்குட்டும் பிடித்தன. அரண்மனையின் இடத்தை மலைச்சாலையும் சொகுசு விடுதியும் பிடித்தன. ‘தென்னகத்து ஜேம்ஸ்பாண்ட்’ என்ற பட்டம் அவருக்குக் கிடைத்தது. ‘வல்லவன் ஒருவன்’ படத்தின் மூலமாகச் சண்டைப் பயிற்சியாளராக அறிமுகமானவர் ஜூடோ கே.கே. இரத்தினம். பிற்காலத்தில் ‘முரட்டுக்காளை’யின் ரயில் சண்டையை அமைத்தவரும் அவரே. ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்களில் பணியாற்றி, 2023ஆம் ஆண்டு ஜனவரியில் மறைந்தார். ஜெய்சங்கரின் பெயர் தெரிந்த பலருக்கு அவருடைய பெயர் தெரியாது. திரையில் அடித்தவரை நினைவில் வைத்துக்கொண்டு, அந்த அடியை வடிவமைத்தவரையும் வாங்கியவரையும் மறந்துபோகும் நம் பழக்கம் அப்போதே தொடங்கிவிட்டது.

எழுச்சியும் சரிவும்

அர்ஜுன் கர்நாடகத்தின் மதுகிரியைச் சேர்ந்தவர். தந்தை சக்தி பிரசாத் கன்னடப் படங்களில் எதிர்மறை வேடங்களில் அறியப்பட்டவர். 1981இல் ‘சிம்ஹத மரி சைன்ய’ என்ற கன்னடப் படத்தில் அர்ஜுன் அறிமுகமானார். 1984இல் இராம. நாராயணனின் ‘நன்றி’ அவரைத் தமிழுக்கு அழைத்து வந்தது. 1987இல் ஏவி.எம். நிறுவனத்தின் ‘சங்கர் குரு’ பரவலான அறிமுகத்தைத் தந்தது.

அவர் வந்த காலத்தைக் கருத்தில் கொள்ள வேண்டும். புரூஸ் லீயின் படங்கள் உலகெங்கும் இளைஞர்களைக் கராத்தே பயிற்சிக்கூடங்களுக்கு அனுப்பிக்கொண்டிருந்தன. நாடகப் பயிற்சியுடன் வந்த நடிகர்களின் வரிசை முடிந்து, தற்காப்புக் கலைப் பயிற்சியும் உடற்கட்டும் உடைய இளைஞர்களின் வரிசை தொடங்கியிருந்தது. கராத்தே பயின்ற அர்ஜுன் அந்த வரிசையில் வந்தவர். மற்றவர்கள் அடிப்பதுபோல் நடித்தார்கள். அவர் உதைத்தால் கால் உண்மையாகவே தலைக்கு மேலே சென்றது. கேமராவை வெட்டி வெட்டி ஒட்ட வேண்டிய தேவை குறைந்தது. தயாரிப்பாளருக்கு அது செலவுக் குறைப்பு. பார்வையாளருக்கு அது நம்பகத்தன்மை.

ஆனால், உடலை முதலாக வைத்துத் தொடங்கும் தொழிலில் ஓர் இடர் இருக்கிறது. ஒருமுறை வியப்பைத் தந்த உதை, பத்தாவது படத்தில் வியப்பைத் தருவதில்லை. 1980களின் இறுதியில் ஒரே வார்ப்பில் அமைந்த படங்கள் பெருகின. பழிவாங்கும் நாயகன், கொல்லப்படும் தங்கை, மழையில் இறுதிச் சண்டை. 1990களின் தொடக்கத்தில் அர்ஜுனைத் தேடி வந்த வாய்ப்புகள் குறைந்தன. அவருக்கு முன்னும் பின்னும் வந்த பல அதிரடி நடிகர்கள் இந்த இடத்திலேயே காணாமல் போயிருக்கிறார்கள்.

அர்ஜுன் அப்போது எடுத்த முடிவு குறிப்பிடத்தக்கது. யாரும் அழைக்கட்டும் என்று காத்திருக்காமல், 1992இல் ‘சேவகன்’ படத்தைத் தாமே இயக்கி நடித்தார். தன் உடலின் திறனை எப்படிக் காட்ட வேண்டும் என்பதைத் தீர்மானிக்கும் இடத்துக்கு அவரே நகர்ந்தார். மறு ஆண்டு, 1993இல், புதிய இயக்குநரான ஷங்கரின் முதல் படம் ‘ஜென்டில்மேன்’ வெளியானது. கே.டி. குஞ்சுமோன் தயாரித்த அப்படத்தில் அப்பளம் தயாரித்து விற்கும் எளியவராகவும், கல்விக்காகக் கொள்ளையடிப்பவராகவும் அர்ஜுன் நடித்தார். மலையிலிருந்து இறங்கி, பேருந்து மாறி, கூட்டத்தில் முண்டியடித்து அந்தப் படத்தைப் பார்த்த பலருள் நானும் ஒருவன். கல்விக் கட்டணம் கட்ட முடியாத பிள்ளைகளை அன்றாடம் வகுப்பில் பார்த்துக்கொண்டிருந்த எனக்கு, அந்த நாயகனின் சினத்தில் இருந்த காரணம் புரிந்தது. ஓர் அடிக்குப் பின்னால் பார்வையாளர் ஒப்புக்கொள்ளும் நியாயம் இருந்தால்தான் அந்த அடிக்கு ஆற்றல் உண்டு. அதிரடி நடிகரின் வாழ்வைக் காப்பாற்றுவது புதிய உதையைவிடப் புதிய காரணமே என்பதை ‘ஜென்டில்மேன்’ காட்டியது. 1994இல் தாமே இயக்கிய ‘ஜெய்ஹிந்த்’ படத்தில் நாட்டுப்பற்றை அவர் அந்தக் காரணமாக எடுத்துக்கொண்டார்.

வீட்டுக்குள் வந்த திரை

‘ஜென்டில்மேன்’ வெளியான அதே 1993இல்தான் சன் தொலைக்காட்சி தன் ஒளிபரப்பைத் தொடங்கியது. அப்போது யாரும் இவ்விரண்டையும் இணைத்துப் பார்த்திருக்க மாட்டார்கள். ஆனால், அதிரடி நடிகர்களின் தொழில் வாழ்வை அடியோடு மாற்றியது தனியார் தொலைக்காட்சியின் வருகையே. அதுவரை ஒரு படத்தின் ஆயுள் திரையரங்கில் ஓடும் நாள்களோடு முடிந்தது. அதற்குப் பின் ஒவ்வொரு படமும் ஞாயிற்றுக்கிழமை மாலையிலும் பண்டிகை நாளிலும் மறுபடி பிறந்தது. வசனத்தைவிடச் சண்டைக்கு மொழித் தடை குறைவு என்பதால், அதிரடிப் படங்கள் மொழிமாற்றம் செய்யப்பட்டு எல்லா மாநிலங்களுக்கும் சென்றன.

2006இல் தொடங்கிய இலவச வண்ணத் தொலைக்காட்சித் திட்டத்தின் மூலம் எங்கள் மலையின் சிற்றூர்களுக்கும் பெட்டிகள் வந்தன. காரவள்ளியிலிருந்து எழுபது கொண்டையூசி வளைவுகள் ஏறி வர வேண்டிய ஊர் இது. படம் பார்க்கக் கீழ்நாட்டுக்குச் சென்று திரும்புவதற்கு ஒரு நாள் கூலியை இழக்க வேண்டியிருந்த குடும்பங்கள், பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன் வெளியான படத்தை முதன்முறையாக வீட்டில் அமர்ந்து பார்த்தன. இங்குள்ள இளைஞர்கள் பலருக்கு அர்ஜுன் திரையரங்க நடிகர் அல்லர், தொலைக்காட்சி நடிகர்.

தொலைக்காட்சியின் இந்த ஆற்றலை முன்கூட்டியே கதையாக்கிய படத்தின் நாயகனும் அவரே என்பது சுவையான பொருத்தம். 1999இல் வெளியான ஷங்கரின் ‘முதல்வன்’ படத்தில் அவர் ஏற்றது தொலைக்காட்சிச் செய்தியாளர் வேடம். ரகுவரன் ஏற்ற முதலமைச்சர் பாத்திரத்தை நேரலையில் கேள்விகளால் மடக்குவதுதான் அந்தப் படத்தின் முதல் பெரிய ‘சண்டை’. அங்கே ஒரு கையும் ஓங்கப்படவில்லை. இரண்டு நாற்காலிகளும் கேமராவும் மட்டுமே இருந்தன. ஆனாலும் கனல் கண்ணன் அமைத்த மற்றச் சண்டைகளைவிட அந்த நேர்காணலே மக்கள் நினைவில் நிற்கிறது. அடிதடி நாயகன் என்று பெயர் பெற்றவர், நாற்காலியில் அமர்ந்தபடியே அதே விறுவிறுப்பைத் தர முடியும் என்று மெய்ப்பித்தார்.

உடல் தளரும்போது

அர்ஜுனின் நீண்ட ஆயுளுக்கு மற்றொரு காரணம், புகழின் உச்சியில் இருக்கும்போதே தன் உருவத்தைத் தாமே கலைத்துப் பார்க்கும் துணிவு. 1995இல் பி.சி. ஸ்ரீராம் இயக்கிய ‘குருதிப்புனல்’ படத்தில் கமல்ஹாசனுக்கு இணையாக, பாடலும் நகைச்சுவையும் இல்லாத காவல் அதிகாரி வேடத்தை ஏற்றார். 2000இல் வஸந்தின் ‘ரிதம்’ படத்தில், மனைவியை விபத்தில் இழந்த, குரல் உயர்த்தாத மனிதராக நடித்தார். நாயக வாய்ப்புகள் குறைந்தபோது இந்தப் படங்களே அவருக்குச் சான்றிதழாயின.

2011இல் ‘மங்காத்தா’வில் அஜித்துக்கு எதிர்நின்ற காவல் அதிகாரி, 2013இல் மணிரத்னத்தின் ‘கடல்’ படத்தில் எதிர்நாயகன், 2018இல் ‘இரும்புத்திரை’யில் கணினி வழியே மக்களின் பணத்தைச் சூறையாடும் குற்றவாளி, 2023இல் ‘லியோ’, 2025இல் ‘விடாமுயற்சி’ என்று அடுத்த தலைமுறை நாயகர்களின் எதிரே நின்றார். தந்தை ஏற்ற எதிர்மறை வேடங்களுக்கு மகனும் வந்து சேர்ந்தார். அவருடைய 150ஆவது படமாக அறிவிக்கப்பட்டு 2017இல் வந்த ‘நிபுணன்’ படத்தின் நாயகன், பார்க்கின்சன் நோயால் உடல் தன் கட்டுப்பாட்டை மீறுவதை எதிர்கொள்ளும் காவல் அதிகாரி. உடலையே முதலாகக் கொண்டு வந்த ஒரு நடிகர், உடல் கைவிடும் நிலையைக் கதையாக ஏற்றதைப் பலர் கவனிக்கவில்லை.

2021இல் அவர் ஜீ தமிழ் தொலைக்காட்சியின் ‘சர்வைவர்’ நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கினார். ஆப்பிரிக்காவின் சான்சிபார் தீவில் படமாக்கப்பட்ட அந்நிகழ்ச்சியில், போட்டியாளர்கள் பசியோடும் களைப்போடும் ஓடினார்கள், நீந்தினார்கள், கயிறு ஏறினார்கள். அர்ஜுன் நின்று விதிகளைச் சொன்னார், தீர்ப்பு வழங்கினார். அவரை அங்கே நிறுத்தியது அப்போதைய உடல் வலிமையன்று. நாற்பது ஆண்டுகளாக மக்கள் மனத்தில் சேர்ந்திருந்த வலிமையின் நினைவு. அதிரடி நடிகர் ஓய்வுக் காலத்தில் செலவழிக்கும் சேமிப்பு அந்த நினைவுதான். கேமரூன் 1950களில் அமெரிக்கத் தொலைக்காட்சியில் செய்ததும் ஏறத்தாழ இதுவே.

இதுவரை சொன்னது வெற்றிக் கதை. உழைப்பும் முன்யோசனையும் சேர்ந்த நேர்மையான வெற்றி. அதைக் குறைத்துச் சொல்ல எனக்கு மனமில்லை. ஆனால், அந்த வெற்றியின் அடித்தளத்தில் வேறு சிலரின் உடல்களும் இருக்கின்றன.

அடியின் எடை

திரைச் சண்டை எப்படி உருவாகிறது என்பதைச் சற்று எண்ணிப் பார்க்கலாம். நாயகனின் கை, எதிரே நிற்பவரின் முகத்தைத் தொடுவதில்லை. தொடாத அந்த இடைவெளியைக் கேமராக் கோணம் மறைக்கிறது; ஒலிப்பதிவுக் கூடத்தில் ஓசை சேர்கிறது. அடி எவ்வளவு பலமானது என்பதைப் பார்வையாளருக்குச் சொல்வது அடிப்பவரின் கை அன்று. அடி வாங்குபவரின் உடல். கழுத்தைத் திருப்பும் வேகம், கால் தடுமாறும் விதம், மேசைமீது விழுந்து உருளும் தூரம் ஆகியவற்றைக் கொண்டே நாயகனின் ஆற்றலை நாம் மதிப்பிடுகிறோம். படப்பிடிப்புத் தளத்தில் ‘ஃபைட்டர்’ என்று அழைக்கப்படும் சண்டைக் கலைஞர் சரியாக விழவில்லையென்றால், எப்பேர்ப்பட்ட நாயகனின் குத்தும் காற்றில் வீசிய கைதான்.

அந்த விழுதல் நடிப்பு மட்டுமன்று. அட்டைப் பெட்டிகளும் மெத்தைகளும் கீழே இருக்கலாம். இடுப்பில் கயிறு கட்டியிருக்கலாம். ஆனாலும் புவியீர்ப்புக்கு நடிக்கத் தெரியாது. இருபதடி உயரம் என்றால் இருபதடி உயரம்தான். ஒரு காட்சியை மூன்று முறை எடுத்தால் மூன்று முறை விழ வேண்டும். எலும்பில் விழும் சிறு கீறல்கள் அன்றைக்குத் தெரிவதில்லை. நாற்பது வயதுக்குப் பின் முதுகும் முழங்காலும் அந்தக் கணக்கைத் தீர்த்துக்கொள்கின்றன. நாயகனுக்கு உடல் தளரும்போது எதிர்நாயகன் வேடமும், இயக்குநர் நாற்காலியும், தொலைக்காட்சி மேடையும் இருக்கின்றன. அவருக்காக விழுந்தவருக்கு அந்த வயதில் என்ன இருக்கிறது?

என்னிடம் படித்த இளைஞர் ஒருவர் சிலம்பத்தில் தேர்ந்தவர். மிளகுக் கொடி படர்ந்த மரங்களில் ஏணியின்றி ஏறும் உடல் அவருடையது. சில ஆண்டுகளுக்கு முன், சென்னை சென்று சண்டைக் கலைஞராக விரும்புவதாகச் சொல்லி என் கருத்தைக் கேட்டார். “விழுவதற்கு எனக்குப் பயமில்லை ஐயா. விழுந்தபிறகு யார் பார்ப்பாங்க என்பதுதான் வீட்டில் கேட்கிறாங்க” என்றார். அவருடைய தாயாரின் அந்தக் கேள்விக்கு நேர்மையான விடை என்னிடம் இருக்கவில்லை.

விழுந்து எழுந்து மேலே வந்தவர்களும் உண்டு. சண்டைக் கலைஞராகத் தொடங்கிய பொன்னம்பலம், 1994இல் ‘நாட்டாமை’ உள்ளிட்ட படங்களால் எதிர்நாயகனாக வீட்டுக்கு வீடு அறியப்பட்டார். 2018இல் ‘பிக் பாஸ்’ நிகழ்ச்சியின் இரண்டாம் பருவத்தில் பங்கேற்றார். சிறுநீரக நோயால் பாதிக்கப்பட்டபோது, சிகிச்சைக்குப் பொதுவெளியில் உதவி கேட்க வேண்டிய நிலை அவருக்கு வந்தது. சக நடிகர்கள் முன்வந்து உதவினார்கள். அந்த மனிதநேயம் போற்றத்தக்கது. ஆனால், நாடறிந்த முகத்துக்கே நிலை அதுவென்றால், முகம் கேமராவுக்குத் தெரியாமல் திரும்பி விழுவதையே தொழிலாகக் கொண்டவர்கள் யாரிடம் கேட்பார்கள்?

அண்மைக் காலப் பட்டியல் கவலை தருகிறது. 2022 டிசம்பரில் ‘விடுதலை’ படப்பிடிப்பில் கயிறு அறுந்து ஒரு சண்டைக் கலைஞர் உயிரிழந்தார். 2024 ஜூலையில் ‘சர்தார் 2’ படப்பிடிப்பில் உயரத்திலிருந்து விழுந்து மற்றொருவர் உயிரிழந்தார். 2025 ஜூலை 13 அன்று நாகப்பட்டினம் மாவட்டத்தில் நடந்த ‘வேட்டுவம்’ படப்பிடிப்பில், கார் பாய்ந்து கவிழும் காட்சியில் அனுபவம் மிக்க சண்டைக் கலைஞர் மோகன்ராஜ் உயிரிழந்தார். மூன்றே ஆண்டுகளுக்குள் மூன்று உயிர்கள். ஒவ்வொரு முறையும் இரங்கல் அறிக்கைகள் வந்தன. சில நாள்களில் அடுத்த படத்தின் முன்னோட்டம் வந்தது. மோகன்ராஜின் மரணத்துக்குப் பின், இந்தி நடிகர் அக்‌ஷய் குமார் நூற்றுக்கணக்கான சண்டைக் கலைஞர்களுக்குத் தம் முயற்சியில் காப்பீடு ஏற்பாடு செய்துவருவது செய்தியானது. ஒரு நடிகரின் நல்ல மனத்தால் கிடைக்கும் பாதுகாப்பு, அவர் ஓய்வுபெற்றால் என்னவாகும் என்பதையும் நாம் கேட்க வேண்டியிருக்கிறது.

சட்டத்தில் உள்ள பெயர்

சட்டம் இல்லாமல் இல்லை. திரைப்படத் தொழிலாளர்களுக்கென 1981இல் இயற்றப்பட்ட மத்தியச் சட்டம், எழுத்து வழி ஒப்பந்தத்தைக் கட்டாயமாக்கியது. ஆனால், அது திரைப்படங்களை மனத்தில் வைத்து எழுதப்பட்டது. தொலைக்காட்சியும் இணையத் தொடர்களும் அதன் பார்வைக்கு வெளியே இருந்தன. அதற்கு மாற்றாக வந்தது 2020ஆம் ஆண்டின் தொழில்சார் பாதுகாப்பு, உடல்நலம் மற்றும் பணிச்சூழல் தொகுப்புச் சட்டம். 2025 நவம்பர் 21 அன்று நடைமுறைக்கு வந்த அச்சட்டம், ‘ஒலி-ஒளித் தொழிலாளர்’ என்னும் புதிய வரையறையைத் தருகிறது. அந்த வரையறைக்குள் நடிகர், தொகுப்பாளர், செய்தி வாசிப்பாளர், நடனக் கலைஞர், பின்னணிக் குரல் கலைஞர் ஆகியோரோடு சண்டைக் கலைஞரும் வெளிப்படையாகக் குறிப்பிடப்படுகிறார்.

இதன் பொருளை நாம் எண்ணிப் பார்க்க வேண்டும். தீவில் நின்று நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கும் நட்சத்திரமும், கூரையிலிருந்து விழும் பெயர் தெரியாத இளைஞரும் சட்டத்தின் ஒரே வாக்கியத்தில் அருகருகே நிற்கிறார்கள். நடைமுறையில் அவர்களுக்கு இடையே இருக்கும் தொலைவைக் குறைப்பதுதான் இனி நம் வேலை.

விருதுகளிலும் மெல்ல மாற்றம் தெரிகிறது. 2017இல் அறிவிக்கப்பட்ட 64ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் சண்டை அமைப்புக்கான விருது ‘புலிமுருகன்’ படத்துக்காகப் பீட்டர் ஹெய்னுக்கு வழங்கப்பட்டது. ஆஸ்கர் அகாதமியும், 2027இல் வெளியாகும் படங்களிலிருந்து சண்டை வடிவமைப்புக்குத் தனி விருது வழங்கப்போவதாக 2025இல் அறிவித்தது. இவை வரவேற்கத்தக்கவை. எனினும், விருது சண்டையை அமைப்பவருக்குச் செல்கிறது. சண்டையில் விழுபவருக்கு மருத்துவமனைக் கட்டணம்தான் முதல் தேவை.

என் பரிந்துரைகள் எளியவை. முதலாவதாக, இடர் மிகுந்த காட்சி ஒன்றைப் படமாக்க அனுமதி கோரும்போதே, அதில் பங்கேற்கும் ஒவ்வொரு கலைஞரின் பெயரிலும் விபத்துக் காப்பீடு எடுக்கப்பட்டதற்கான சான்றை இணைக்கச் செய்ய வேண்டும். தொழிலாளர் துறையும் திரைப்படத் தொழிலாளர் அமைப்புகளும் சேர்ந்தால் இது கடினமன்று. இரண்டாவதாக, படப்பிடிப்புத் தளத்தில் அவசர ஊர்தியும், காட்சியை நிறுத்தச் சொல்லும் அதிகாரம் பெற்ற பாதுகாப்பு அலுவலரும் இருக்க வேண்டும். அந்த அதிகாரம் இயக்குநரின் விருப்பத்துக்குக் கட்டுப்பட்டதாக இருக்கக் கூடாது. நாற்பது வயதைக் கடந்த, விழுதலின் நுட்பம் அறிந்த மூத்த சண்டைக் கலைஞர்களையே பயிற்சி அளித்து இந்தப் பணியில் அமர்த்தலாம். நாயகனுக்குத் தொலைக்காட்சி தரும் இரண்டாம் வாழ்வை இவர்களுக்கு இப்பணி தரும். மூன்றாவதாக, சண்டைப் பயிற்சியாளர் பெயரோடு நிறுத்தாமல், காட்சிகளில் பங்கேற்ற கலைஞர்கள் அனைவரின் பெயர்களையும் படத்திலும் தொலைக்காட்சி நிகழ்ச்சியிலும் காட்ட வேண்டும். பெயர் இருந்தால்தான் பணி அனுபவத்துக்கு ஆவணம் உண்டு. ஆவணம் இருந்தால்தான் இழப்பீடும் ஓய்வூதியமும் கேட்க முடியும்.

வன்பரணரின் பாடலில் இன்னொரு செய்தி இருக்கிறது. தன் எதிரிலேயே தன் பெயரைச் சொல்லிப் புகழ்ந்தபோது ஓரி நாணினான்; தான் யாரென்று சொல்லிக்கொள்ளாமலேயே பாணர் கூட்டத்துக்கு ஊனும் பொன்னும் தந்து அனுப்பினான். புகழ் முழுவதும் தனக்கே உரியது என்று எண்ணாத வீரனின் நாணம் அது. அர்ஜுனைப் போல நீண்ட புகழ் வாழ்வு பெற்ற மூத்த நட்சத்திரங்கள், தங்களுக்காக விழுந்தவர்களின் காப்பீட்டைத் தங்கள் ஒப்பந்தத்தின் முதல் நிபந்தனையாக எழுதச் சொன்னால், எந்தத் தயாரிப்பாளரும் மறுக்கப்போவதில்லை. அரசின் விதிகள் வந்து சேர்வதற்கு முன்பே, அடுத்த படத்தின் ஒப்பந்தத்திலேயே அதைத் தொடங்கலாம்.